பொன்னாடைக்குக் குனியாதவர்

அவரால் நாங்கள் தோற்ற ஆட்டங்களை முதலில் சொல்லிவிடுகிறேன். ஜெயித்த ஆட்டங்களைச் சொல்ல ஊரில் ஆள் நிறைய இருக்கிறது, அவர்கள் சொல்லட்டும். கபடியில் அவர் இடது கார்னர், அதாவது பிடிக்கிற வரிசையின் இடது கோடி. நான் அவருக்குப் பக்கத்தில் நிற்பவன். எதிரணியிலிருந்து ஒருவன் பாடி வரும்போது அவனை மடக்க நாங்கள் இரண்டிரண்டு பேராகக் கைகோத்து நிற்போம். அவருடைய வலது கை என் இடது கைக்குள் இருந்த நேரத்தைக் கூட்டிப் பார்த்தால், கல்யாணமான நாளிலிருந்து என் மனைவியின் கையை நான் பிடித்திருந்த நேரமெல்லாம் பக்கத்தில்கூட வராது. ஆகவே அவரைத் திட்ட எனக்கு முழு உரிமை உண்டு.

பெயரைச் சொல்லப்போவதில்லை. "பேரு பேப்பர்ல வந்தா அடுத்து போட்டா கேப்பான், அதுக்கடுத்து பொன்னாடைய தூக்கிட்டு வந்திருவான்" என்பார். பொன்னாடை என்றாலே அவருக்கு ஆகாது. அந்தக் கதையைப் பிறகு சொல்கிறேன்.

கோவில்பட்டியிலிருந்து கழுகுமலை போகிற வழியில் எங்கள் ஊர். என்னைவிடக் கொஞ்சம் மூத்தவர். ஆள் உயரமில்லை, ஆனால் கழுத்தும் மணிக்கட்டும் வேறு யாரிடமிருந்தோ வாங்கி வைத்ததுபோலக் கனமாக இருக்கும். எங்கே போனாலும் ஓரம்தான். கல்யாண வீட்டுப் பந்தியில் இடது கோடி இலை. பஸ்ஸில் கடைசி வரிசை, இடது ஜன்னல். ரேஷன் கடை வரிசையில்கூட முழங்காலை லேசாக மடக்கி, முன்பாதத்தில் பாரத்தைப் போட்டுத்தான் நிற்பார். யாராவது எதிரே வந்தால் முகத்தைப் பார்க்கமாட்டார், இடுப்பைப் பார்ப்பார். புதிதாகப் பார்க்கிற பெண்கள் தப்பாக நினைத்துக்கொண்டதும் உண்டு. கேட்டால், "பாடி வாரவன் கண்ணக் காட்டி ஏமாத்துவான், கையக் காட்டி ஏமாத்துவான். இடுப்பு எங்கன திரும்புதோ அங்கனதாம்லே போவான்" என்று எனக்குப் பாடம் எடுப்பார். ரேஷன் கடையில் யார் பாடி வரப்போகிறார்கள் என்று நான் கேட்டதில்லை.

களத்தில் நாங்கள் பேசிக்கொள்ளமாட்டோம். பேசினால் வந்தவன் உஷாராகிவிடுவான். கை அழுத்துவதுதான் எங்கள் பாஷை. ஒருமுறை அழுத்தினால், "நான் காலுக்குப் போறேன், நீ மேல விழு" என்று அர்த்தம். விரலைத் தளர்த்தினால், "பொறு." இதை யாரும் சொல்லித் தரவில்லை. பொங்கலுக்குப் பொங்கல் டிராக்டரில் செம்மண் அடித்து, கரிசலை மூடிக் களம் போட்டு ஆடிய ஆட்டங்களில் தானாகவே வந்தது.

இப்போது குற்றச்சாட்டுக்கு வருகிறேன்.

கபடி தெரியாதவர்களுக்கு ஒரு வார்த்தை. பாடி வருபவன் நம்மைத் தொட்டுவிட்டு நடுக்கோட்டுக்குத் திரும்பிவிட்டால் நாம் வெளியே போக வேண்டும். விரல் நுனி பட்டாலும் போதும், போட்டிருக்கிற துணியில் பட்டாலும் போதும். ஆனால் அந்தத் தூசியிலும் கூச்சலிலும் பாதித் தொடல்கள் நடுவர் கண்ணுக்குத் தெரியாது. அப்போது தொட்டவன் "தொட்டேன்" என்பான், தொடப்பட்டவன் "படவே இல்ல" என்று சாமி மேல் சத்தியம் செய்வான். உலகம் முழுக்கக் கபடி இப்படித்தான் நடக்கிறது. இவர் ஒருவர்தான், தொட்டவனே கவனிக்காத தொடலுக்கும் கையைத் தூக்கிவிட்டு வெளியே போய் உட்கார்ந்துகொள்வார். அப்படி அவர் வெளியே போனதால் எங்கள் கையைவிட்டுப் போன கோப்பைகளை வைக்க ஒரு பீரோ வேண்டும்.

நல்லவர், நேர்மையானவர் என்று உடனே முடிவு கட்டிவிடாதீர்கள். கயத்தாறில் நடந்ததைக் கேளுங்கள். அங்கே ஒரு போட்டியில் நடுவர் விசில் அடித்து இவரை வெளியே போகச் சொன்னார். இவர் போகவில்லை. "படல" என்றார். நடுவர் மறுபடி விசில் அடித்தார். இவர் கார்னரிலேயே சம்மணம் போட்டு உட்கார்ந்துவிட்டார். ஆட்டம் நின்றது. ரோட்டோரம் வண்டியை நிறுத்திவிட்டு வேடிக்கை பார்த்த லாரி டிரைவர்கள் பஞ்சாயத்துக்கு வந்தார்கள். ஆளுக்கு ஒரு டீ குடித்து முடித்தோம். அவர் அசையவில்லை.

"நான் பாத்தேன்யா, பட்டுச்சு" என்றார் நடுவர்.

"நீங்க பாத்தீய. எனக்குப் படலயே. பட்டா தொலிக்குத் தெரியாதா? உங்க விசிலுக்கு எப்படித் தெரியும்?"

கடைசியில் பாடி வந்த பையனே, வீட்டுக்குப் போக வேண்டுமே என்ற கவலையில், "சரியா படல அண்ணாச்சி" என்று ஒத்துக்கொண்டான். இவர் எழுந்து மண்ணைத் தட்டிவிட்டு அடுத்த பிடிக்குத் தயாரானார். விஷயம் நேர்மை இல்லை. தான் இருப்பதா போவதா என்பதை இன்னொருவர் சொல்லக் கூடாது, அவ்வளவுதான். அந்த நடுவரின் இடத்தில் நான் இருந்திருந்தால் விசிலைக் கடித்துத் துப்பியிருப்பேன்.

இப்படிப்பட்டவரைத்தான் தொலைக்காட்சியில் வருகிற பெரிய போட்டிக்கு வடக்கே ஒரு அணி ஏலத்தில் எடுத்தது. ஊர் டீக்கடையில் டிவியைப் பலகை மேல் ஏற்றி வைத்தார்கள். செம்மண்ணில் வெறுங்காலோடு ஆடியவர் மெத்தை விரித்த தரையில், ஷூ போட்டு, முதுகில் பெயர் எழுதி நின்றார். முதல் ஆட்டத்தில் அவருக்குப் பக்கத்தில் நின்றவன் ஹரியானாக்காரன், இரண்டு ஆள் அகலம். இவர் பழக்கத்தில் அவன் கையை ஒருமுறை அழுத்திவிட்டுக் காலுக்குப் பாய்ந்தார். அவனோ, இந்த ஆள் எதற்குக் கையை அமுக்குகிறான் என்று திடுக்கிட்டு இவர் முகத்தைப் பார்த்தான். பாடி வந்தவன் இவரையும் இழுத்துக்கொண்டு நடுக்கோட்டைத் தாண்டிவிட்டான். அன்றிரவு அந்த ஹரியானாக்காரனைப் பக்கத்தில் உட்காரவைத்து, கையை அழுத்தி அழுத்திச் சொல்லிக்கொடுத்தாராம். அறைக்கு வந்த மற்ற ஆட்டக்காரர்கள் கதவைச் சாத்திவிட்டுப் போய்விட்டார்கள் என்று சொல்லிச் சொல்லிச் சிரிப்பார்.

அந்த வருடம் அவர் கால் பிடித்தால் பிடித்ததுதான். பெரிய பெரிய ஆட்களெல்லாம் இடது பக்கம் வரவே யோசித்தார்கள். எங்களுக்குப் பெருமை தாங்கவில்லை. அப்போது ஒரு நாள், ஆட்டம் முடிகிற நேரத்தில், ஒருவன் பாடி வந்து திரும்பினான். நடுவர் ஒன்றும் இல்லை என்று கை காட்டினார். இவர் தன் கையைத் தூக்கினார். டீக்கடையில் நான் தலையில் அடித்துக்கொண்டேன். "அங்கனயுமா?" என்று யாரோ டம்ளரைத் தூக்கி எறிந்தார்கள். அணி தோற்றது. அதற்கென்றே அத்தனை கேமரா வைத்திருக்கிறோம், நீ ஏன் கையைத் தூக்குகிறாய் என்று மேலாளர் காய்ச்சி எடுத்து, அடுத்த சில ஆட்டங்களுக்கு வெளியே உட்காரவைத்தார்.

"கேமரா என் தொலிக்குள்ளயா இருக்கு?" என்று எனக்குப் போன் போட்டுக் கேட்டார். அதை மேலாளரிடமே கேட்டிருக்க வேண்டும். மொழி தெரியாததால் அந்த மேலாளர் தப்பித்தார்.

இன்னும் இரண்டு பருவம் ஆடினார். பிறகு ஒரு ஆட்டத்தில் பாடி வந்தவன் தொடையைப் பிடித்துத் தொங்கிக்கொண்டிருந்தபோது, பின்னால் வந்தவர்கள் மொத்தமாக அவர் இடது முழங்கால் மேல் விழுந்தார்கள். பிடியை அவர் விடவில்லை. புள்ளி கிடைத்தது. உள்ளே ஜவ்வு அறுந்துவிட்டது. ஆபரேஷன் செய்தார்கள். படி ஏறலாம், வண்டி ஓட்டலாம், ஆட மட்டும் கூடாது என்றார் டாக்டர். அடுத்த ஏலத்தை டீக்கடையில் முதலிலிருந்து கடைசி வரை உட்கார்ந்து பார்த்தோம். அவர் பெயரை யாரும் வாசிக்கவில்லை. அவரும் எங்களோடு உட்கார்ந்துதான் பார்த்தார். டிவியை அணைத்ததும், "டாக்டரு காலப் பாத்தாரு. இவிய பேப்பரப் பாத்தாவ. என்னய எவன் பாத்தான்?" என்று கேட்டுவிட்டு, நொண்டிக்கொண்டே வீட்டுக்குப் போனார்.

எங்கள் அணிக்கு ஜெர்சி எடுத்துத் தருகிறவர் கோவில்பட்டியில் தீப்பெட்டி ஆலை வைத்திருக்கிற ஒரு முதலாளி. நல்ல மனுஷர். கபடி என்றால் வேலையைப் போட்டது போட்டபடி விட்டுவிட்டு வந்துவிடுவார். அவருக்கு மனசு கேட்கவில்லை. பாராட்டு விழா ஏற்பாடு செய்தார். மண்டபத்து வாசலில் இவர் படத்தோடு ஆளுயரத்துக்கு ஃபிளெக்ஸ் வைத்து, "முன்னாள் நட்சத்திர வீரரே வருக" என்று போட்டிருந்தார்கள். அந்த வாசகம், இந்தப் பக்கத்துக் கபடிப் போட்டிகளுக்கெல்லாம் மைக் பிடிக்கிற ஒருவன் எழுதிக் கொடுத்தது. விழாவுக்கு வந்தவர் வாசலில் நின்று அதைப் படித்தார். பக்கத்துப் பூக்கடையில் நார் அறுக்கிற கத்தியை வாங்கினார். "முன்னாள்" என்ற வார்த்தையை மட்டும் சதுரமாக அறுத்து எடுத்து, மடித்து, அந்த மைக்குக்காரன் சட்டைப் பையில் வைத்தார். அன்று முழுக்க அந்த ஓட்டை வழியாக எதிர்க்கடை போர்டு தெரிந்துகொண்டிருந்தது.

அதோடு முடிந்திருந்தால் பரவாயில்லை. மேடையில் முதலாளி பொன்னாடையை இரண்டு கையாலும் விரித்துக்கொண்டு வந்தார். இவர் முழங்காலை மடக்கி நின்றார். எனக்கு உடனே தெரிந்துவிட்டது, இவர் முதலாளியின் இடுப்பைப் பார்க்கிறார் என்று. முதலாளி வலது பக்கம் வந்தார், இவர் இடது பக்கம் நழுவினார். முதலாளி எட்டிப் போட்டார், இவர் குனிந்து வெளியே வந்தார். பொன்னாடை மைக் ஸ்டாண்டின் மேல் போய் விழுந்தது. சபையில் கைதட்டல் அடங்கவே இல்லை. விளையாட்டுக்குச் செய்கிறார் என்று நினைத்துவிட்டார்கள்.

முதலாளிக்கு முகம் வாடிவிட்டது. "ஏய்யா, மரியாததானே பண்ணுதேன்? அதுக்குப் போயி இப்படி ஓடுதியே?"

"ஆடுதவனுக்கு நீங்க ஜெர்சி குடுப்பீய மொதலாளி. ஆடி முடிச்சவனுக்குத்தான் பொன்னாட. முடிஞ்சிட்டேன்னு நான் இன்னும் சொல்லலயே."

முதலாளி அதற்குப் பிறகு பொன்னாடையைக் கார் டிக்கியிலேயே வைத்துக்கொண்டு அலைந்தார். காதுகுத்து வீடு, கோயில் கொடை, எங்கே இவரைப் பார்த்தாலும் கை டிக்கிப் பக்கம் போகும். இவர் ஓரம் தேடுவார். ஒரு முறை இவர் இல்லாத நேரம் பார்த்து வீட்டிலேயே கொண்டுபோய்க் கொடுத்துவிட்டார். மதினி, அதாவது இவர் மனைவி, அதை மிக்ஸிக்கு உறையாகப் போட்டுவைத்தார். சாயங்காலம் அதைப் பார்த்ததும் இவர் சாப்பிடாமல்கூடப் பஸ் ஏறிப் போய்த் திருப்பிக் கொடுத்துவிட்டு வந்தார். "இவியளுக்கு வேண்டாம்னா போகுது, மிக்ஸிக்கு வேணும்ல? அது உழைச்ச உழைப்புக்கு அதுக்காவது ஒண்ணு போடக் கூடாதா?" என்று மதினி என்னிடம் கேட்டார்.

ஐப்பசி மழை விழுந்தது. நனைந்த கரிசலில் நடந்திருக்கிறீர்களா? ஒரு எட்டு வைத்தால் மண் பாதத்தோடு வரும். அடுத்த எட்டுக்கு அதன் மேல் இன்னொரு அடுக்கு. பத்தடி போவதற்குள் காலே நமக்குச் சொந்தமில்லாத கனத்துக்கு வந்துவிடும். எங்கள் ஊரில் மழை விட்டால் யாரும் அதில் கால் வைக்கமாட்டார்கள். இவர் வைத்தார். முழங்காலுக்குப் பலம் வர, நகரத்து ஆஸ்பத்திரியில் காலில் எடை கட்டித் தூக்கச் சொன்னார்களாம். "நம்ம ஊருல நிலமே கட்டிவிடும்லே, வா" என்று, கோவில்பட்டியில் பூச்சிமருந்துக் கடை வைத்திருக்கிற என்னையும் காலையில் இழுத்துக்கொண்டு போனார். மக்காச்சோளக் காட்டில் வரிசைக்கு நடுவே, இரண்டு பேரும் கைகோத்துக்கொண்டு, முழங்காலை மடக்கியபடி பக்கவாட்டில் நடந்தோம். களை எடுக்க வந்து, ஈரத்தைப் பார்த்து ரோட்டிலேயே நின்றுவிட்ட பெண்கள் சிரித்தார்கள். ஒருத்தி, "கல்யாணம் எப்பண்ணே?" என்று என்னைப் பார்த்தே கேட்டாள்.

வலி இருந்தது. அவர் சொல்லவில்லை. வலிக்கும்போது என் கையில் அவர் விரல்கள் இறுகும், எனக்குத் தெரியும். "போதும் அண்ணே" என்றால், "ஒனக்குப் போதும்னா போ" என்பார். நான் எங்கே போவது, கை அவரிடம் அல்லவா இருக்கிறது. மாசியில் வடக்கே இன்னொரு அணி புதிதாக ஆள் எடுக்கப்போவதாகச் செய்தி வந்திருந்தது. அதற்குப் போவதா வேண்டாமா என்பதை, தை மாதம் எப்போதும்வென்றான் என்கிற ஊரில் நடக்கிற போட்டியில் ஆடிப் பார்த்துச் சொல்வதாக இருந்தார். வீட்டில் மதினி அழுதுபார்த்தார், திட்டிப்பார்த்தார். "அங்கன நின்னு பாத்துட்டு வந்து நானே சொல்லுதேன், நான் இருக்கேனா இல்லையான்னு. அதுவரைக்கும் ஒருத்தரும் வாயத் தொறக்கப்படாது" என்று முடித்துவிட்டார்.

அந்த ஊர்ப் பெயரை வைத்துக்கொண்டு நாங்கள் தோற்கக் கூடாது என்று வேனில் கேலி பேசிக்கொண்டே போனோம். பொங்கல் கழிந்த ஞாயிற்றுக்கிழமை, பகல் ஆட்டம். மைக்கில் அதே ஆள்தான். இவர் முழங்காலுக்கு நீகேப் உறையை மாட்டிக்கொண்டு கார்னரில் போய் நின்றதும், அவன் ஜாக்கிரதையாக, "இதோ, நமது நட்சத்திர வீரர்" என்று மட்டும் சொன்னான்.

பொய் சொல்லமாட்டேன், முதல் இரண்டு ஆட்டமும் அவர் பழையபடியே ஆடினார். கை அழுத்தும், போவார், கால் கையில் இருக்கும், நான் மேலே விழுவேன். கூட்டம் எழுந்து நின்று கத்தியது. முன்வரிசையில் முதலாளி குழந்தைமாதிரி குதித்தார். மாசி என்ன, சித்திரை என்ன, இன்னும் நாலு வருஷம் ஆடுவார் என்று எனக்குத் தோன்றியது.

கடைசி ஆட்டம். ஒரு புள்ளி நாங்கள் முன்னால். நான் உட்பட எங்கள் ஆட்கள் எல்லோரும் வெளியே, களத்தில் அவர் ஒருவர்தான். எதிரணியின் கடைசிப் பாட்டு. அவரைத் தொட்டுவிட்டால் எங்கள் மொத்த அணியும் காலி, கூடுதல் புள்ளியோடு அவர்கள் கோப்பை, தொடாமல் திரும்பினால் எங்கள் கோப்பை. யாரையும் பிடிக்கக்கூடத் தேவையில்லை, விலகி நின்றால் போதும். பாடி வந்தவன் ஒல்லியான ஆள், கை நீளம். இடதில் ஏமாற்றினான், வலதில் ஏமாற்றினான். அவர் நழுவிக்கொண்டே இருந்தார். கடைசியாக அவன் தரையோடு படுத்து ஒரு கையை வீசினான். அவர் காலைப் பின்னால் இழுத்தார். இழுத்த கால் ஒரு கணம் தங்கி வந்தது. அவன் எழுந்து ஓடி நடுக்கோட்டைத் தாண்டித் தலையைத் தொங்கப்போட்டான். தொட்டேன் என்று அவன் கேட்கக்கூட இல்லை. நடுவர் ஒன்றும் இல்லை என்று கை காட்டி நீளமாக விசில் அடித்தார். எங்கள் ஆட்கள் களத்துக்குள் பாய்ந்தார்கள்.

அவர் கையைத் தூக்கினார்.

"அண்ணே, வேண்டாம்ணே!" என்று கத்தினேன். அவர் காதில் விழுந்தது, திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

நடுவர் ஓடி வந்தார். "நான் அவுட் குடுக்கலயேய்யா."

"ஒங்கள யாரு கேட்டா?" என்றார். குனிந்து, நீகேப்பின் ஓரத்தை நகத்தால் தொட்டுக் காட்டினார். "இந்தா, இங்கன. முந்தியெல்லாம் இந்த நகம் வாரதுக்குள்ள காலு வந்திருக்கும். இப்ப வரல."

நடுவர் வேறு வழியில்லாமல் எதிரணிக்குப் புள்ளி கொடுத்தார், கோப்பை போய்விட்டது. எங்கள் ஆட்கள் தரையில் ஜெர்சியைக் கழற்றி அடித்தார்கள். எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அவரைப் பிடித்து நாலு கேள்வி கேட்கலாம் என்று போனேன். அவர் என்னைத் தாண்டி, நேராக முன்வரிசைக்கு நடந்தார். அன்றைக்குத்தான் முதல்முறையாக ஓரத்தில் நடக்காமல் களத்தின் நடுவே நடந்துபோனார். முதலாளி எதிரில் நின்று, "கொண்டு வந்திருக்கீயளா?" என்று கேட்டார்.

முதலாளிக்கு முதலில் புரியவில்லை. புரிந்ததும் பதறிப்போனார். "இல்லய்யா, இப்பல்லாம் எடுத்துட்டு வாரதில்ல. இப்ப எதுக்குய்யா அது? நீதான் நல்லா ஆடுதியே. மாசிக்குப் போ. நான் கார் அனுப்புதேன்."

"நல்லாத்தான் ஆடுனேன் மொதலாளி. போடுங்க. தோள்ல கெடக்கத போடுங்க."

முதலாளி தன் தோளில் கிடந்த துண்டை எடுத்தார். வேர்வையில் நனைந்திருந்தது. அதை உதறி விரித்தார், கண்ணீர் தாடையில் ஓடியது. இவர் கழுத்தைத் தாழ்த்திக் காத்துக்கொண்டு நின்றார். மண் அப்பிய அந்தக் கனத்த பிடரியை நான் அப்போதுதான் பார்த்தேன், அத்தனை வருடம் பக்கத்தில் நின்றிருக்கிறேன். துண்டு தோளில் விழுந்ததும் நிமிர்ந்தார்.

மைக்குக்காரன் எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தான். என்ன அறிவிப்பது என்று தெரியாமல், "நமது... நமது நட்சத்திர..." என்று திணறி நின்றான்.

அவர் அவன் பக்கம் திரும்பினார்.

"முன்னாள்னு சொல்லுலே. இப்பச் சொல்லு."